பதினொன்றாம் நம்பர் கூண்டு

(மீன்பிடித் தடைக்கால மாலை ஒன்றில் பாம்பனில் பேசியது. எழுதும்போது சில இடங்களைச் சீர்படுத்தியிருக்கிறேன்.)

பெரியவர்களே, தாய்மார்களே, பின்னால் வலைக் குவியல் மேல் உட்கார்ந்திருக்கும் தம்பிகளே,

மைக் கொஞ்சம் இரைகிறது. பொறுத்துக்கொள்ளுங்கள்.

துறைமுக அலுவலகத்தில் புயல் கூண்டு ஏற்றுவதைப் பார்த்து வளர்ந்தவர்கள் நாம். ஒன்றாம் நம்பர் ஏற்றினால் தூரத்துக் கடலில் ஏதோ உருவாகியிருக்கிறது. பத்து ஏற்றினால் பெரிய அபாயம். இதெல்லாம் இங்கே சின்னப் பிள்ளைக்கும் தெரியும். பதினொன்று எதற்கு? பத்தைவிடப் பெரிய புயலுக்கு என்றுதான் நானும் ரொம்ப காலம் நினைத்திருந்தேன். அப்படியில்லை. வானிலை மையத்தோடு தொடர்பு அறுந்துவிட்டது, ஆனாலும் ஆபத்து இருக்கும் என்று உள்ளூர் அதிகாரி கருதுகிறார் என்பதற்கான அடையாளம் அது. அதாவது, ‘இதற்கு மேல் எனக்குத் தகவல் இல்லை’ என்று ஊருக்குச் சொல்வதற்கென்றே ஒரு கூண்டு வைத்திருக்கிறார்கள்.

நான் பேச வந்தது செல்போனுக்குள் குடியிருக்கும் குருமார்களைப் பற்றி. பணக்காரன் ஆவது எப்படி, சர்க்கரையை விரட்டுவது எப்படி, தன்னம்பிக்கை வளர்ப்பது எப்படி என்று விடிந்தால் வந்துவிடுகிறார்களே, அவர்களில் ஒருவர்கூடப் பதினொன்றாம் நம்பர் ஏற்றி நான் பார்த்ததில்லை.

ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை, 61 நாள், விசைப்படகெல்லாம் கட்டிக் கிடக்கின்றன. பெயிண்ட் அடிக்கிறோம், வலையைச் சரிபார்க்கிறோம். அப்புறம்? போன்தான். ‘வீட்டிலிருந்தே மாதம் ஒரு லட்சம்’ என்ற வீடியோவை ஒரு நிமிடம் நின்று பார்த்தால் போதும், அதே மாதிரி இன்னும் பத்து வரிசையில் வந்து நிற்கும்.

என் அக்கா மகன் ஒருவன் படகுத் தொழிலாளி. போன வருடத் தடைக்காலத்தில் 99 ரூபாய் கட்டி ஒரு வெபினாரில் சேர்ந்தான். பங்குச்சந்தை வகுப்பு, இரண்டு மணி நேரம். பஸ்ஸுக்குக் காசில்லாமல் நடந்த கதையையும் இப்போது வைத்திருக்கும் காரின் கதையையும் அந்த ஆள் சொல்லி முடிக்கவே ஒன்றரை மணி நேரம் ஆகிவிட்டது. கடைசியில், ‘உண்மையான ரகசியம் அடுத்த வகுப்பில். விலை 25,000. இன்று ராத்திரி பன்னிரண்டு மணிக்குள் சேர்ந்தால் 4,999.’ தடைக்கால நிவாரணம் 8,000 அப்போதுதான் கணக்கில் ஏறியிருந்தது. கட்டிவிட்டான். அப்புறம் டெலிகிராம் குழு. அப்புறம் ஆப்ஷன் வியாபாரம், அதாவது பங்கு விலை ஏறுமா இறங்குமா என்று முன்கூட்டியே கணித்துப் பணம் கட்டுவது. அப்புறம் அவன் மனைவியின் ஒரு பவுன் சங்கிலி அடகுக்கடைக்குப் போயிற்று. மொத்தத்தில் நாற்பதாயிரத்துக்கு மேல் போய்விட்டது.

பணத்தைவிட, கேட்டபோது வந்த பதில்தான் எனக்கு ஆறவில்லை. “பிரதர், நான் சொன்ன வழி சரியாத்தான் இருக்கு. உங்க மைண்ட்செட்தான் சரியில்ல. அதுக்குத் தனியா ஒரு கோர்ஸ் இருக்கு.” இவன் அதையும் நம்பிவிட்டான். “மாமா, என்கிட்டதான் ஏதோ கோளாறு” என்று என் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து அழுதான். கச்சான் காற்றில் விடிய விடிய வலை இழுக்கிறவனுக்கு மன உறுதி போதவில்லையாம்!

நம் படகுகளில் என்ன முறை? டீசல், ஐஸ் செலவு போக மிச்சத்தில்தான் பங்கு. ‘இங்கே வலையை இறக்கு’ என்று சொன்ன டிரைவரின் கணக்குத் தப்பினால் அவர் பங்கும் சேர்ந்துதான் போகும். ‘இடம் சரிதான், நீங்கள் வலை இழுத்த மனநிலைதான் சரியில்லை’ என்று சொல்லி அவர் மட்டும் காசை எண்ணிக்கொண்டு வீட்டுக்குப் போக முடியுமா? துறையிலேயே மறித்துக் கேட்டுவிடுவோம். போனில் பேசுகிறவருக்கு நம் லாபத்தில் பெயர் உண்டு, நட்டத்தில் பங்கு கிடையாது.

இது என் ஆதங்கம் மட்டும் இல்லை. ‘சார்ட்டுகளுக்கு அப்பன்’ என்று இந்தியில் தனக்குத்தானே பட்டம் சூட்டிக்கொண்டு ஒருவர் சந்தை வகுப்பு நடத்தினார். 2023 அக்டோபரில், பங்குச்சந்தையைக் கண்காணிக்கும் அரசு அமைப்பான செபி அவர் மேல் ஓர் உத்தரவு போட்டது. வகுப்புக் கட்டணமாக அவர் தரப்பு வசூலித்தது சுமார் 17 கோடி ரூபாய். சரி, அவரே செய்த வியாபாரத்தில்? இரண்டரை ஆண்டில் ஏறக்குறைய 3 கோடி நட்டம்! மீன் பிடிக்கத் தெரியாதவர் மீன் பிடிக்கும் வகுப்பு நடத்திப் படகு வாங்கிய கதை. அடுத்த ஆண்டு அதே செபி ஒரு கணக்கு வெளியிட்டது. 2021-22 முதல் மூன்று நிதியாண்டுகளில் இந்த ஃபியூச்சர்ஸ், ஆப்ஷன்ஸில் இறங்கிய தனிநபர்களில் 93 சதவீதம் பேருக்கு நட்டம். மொத்தம் 1.8 லட்சம் கோடிக்கு மேல். என் மருமகனின் மைண்ட்செட் மட்டும்தான் கோளாறு என்றால், மீதி இருக்கும் லட்சக்கணக்கானவர்களுக்கு என்ன ஆயிற்று?

அவனைச் சொல்லிவிட்டு நான் தப்பித்துக்கொண்டால் நியாயம் இல்லை. முப்பது வருடம் வாத்தியார் வேலை பார்த்தவன் நான். எனக்கு சுகர் உண்டு. வெள்ளைக் கோட்டுப் போட்ட ஒருவர் யூடியூபில், ‘மாத்திரைதான் உங்கள் நோய்’ என்றார். எவ்வளவு அழகாகச் சொன்னார் தெரியுமா! மூன்று வாரம் மாத்திரையை நிறுத்திவிட்டு ஏதோ பொடியைக் குடித்தேன். வீட்டில் சொல்லவில்லை. தலை சுற்றி விழுந்த பிறகு பார்த்தால் சர்க்கரை 380. மருத்துவர் திட்டியதைவிட, மாத்திரை அட்டையை எண்ணிப் பார்த்துவிட்டு என் மனைவி பேசாமல் இருந்ததுதான் கஷ்டமாக இருந்தது.

ஆஸ்திரேலியாவில் பெல் கிப்சன் என்று ஒரு பெண். மூளைப் புற்றுநோயை உணவாலேயே சமாளித்து வருவதாகச் சொன்னார். செயலி, சமையல் புத்தகம், லட்சக்கணக்கில் ரசிகர்கள். 2015இல் தனக்குப் புற்றுநோயே இல்லை என்று ஒப்புக்கொண்டார். 2017இல் நீதிமன்றம் 4,10,000 ஆஸ்திரேலிய டாலர் அபராதம் விதித்தது. கடலில் கால் நனைக்காமலே கரை சேர்ந்த கதையைச் சொல்லிவிட்டார். உண்மையாகவே நோயோடு இருந்து அதைக் கேட்டவர்களை நினைத்துப் பாருங்கள்.

நம் பள்ளிக்கூடங்களுக்குள்ளேயே இது வந்துவிட்டது. 2024இல் சென்னை அசோக் நகர் அரசு மகளிர் பள்ளியில் தன்னம்பிக்கை கொடுக்க வந்த ஒருவர், மாற்றுத்திறனாளிகளாகப் பிறப்பது முற்பிறவிப் பாவத்தால் என்கிற மாதிரி பேசினார். பார்வை இல்லாத ஆசிரியர் ஒருவர் எழுந்து கேள்வி கேட்டார். பேசியவர் பிறகு கைதானார். ‘மைண்ட்செட் சரியில்லை’ என்பதும் ‘முற்பிறவிப் பாவம்’ என்பதும் எனக்கு ஒன்றாகத்தான் கேட்கிறது. இரண்டிலும் குற்றவாளி கேட்டுக்கொண்டிருப்பவன்தான்.

அதற்காகப் போனைக் கடலில் எறியச் சொல்லவில்லை. இந்தக் கரையில் எத்தனை பேர் யூடியூப் பார்த்து இன்ஜின் கழற்றி மாட்டக் கற்றிருக்கிறீர்கள்! அதை ஏன் நம்பலாம்? தப்பாகச் சொன்னால் இன்ஜின் ஸ்டார்ட் ஆகாது, அன்றைக்கே குட்டு வெளிப்பட்டுவிடும். ‘உன் வாழ்க்கை மாறும்’ என்கிறவரிடம், எந்தத் தேதிக்குள், மாறாவிட்டால் பணம் திரும்ப வருமா என்று கேட்டுப் பாருங்கள். பெரும்பாலும் உங்களைக் குழுவிலிருந்து தூக்கிவிடுவார்கள். என் மருமகனைத் தூக்கினார்கள்.

(இந்த இடத்தில் பின்வரிசையிலிருந்து ஒரு தம்பி எழுந்தான். “சார், நீங்களும் மைக் பிடிச்சு எங்களுக்குப் புத்தி சொல்லிட்டுத்தானே இருக்கீங்க? உங்கள எதுக்கு நம்பணும்?” எல்லாரும் சிரித்தார்கள். நானும்தான்.)

நம்ப வேண்டாம் தம்பி. செபி உத்தரவு இணையத்தில் கிடக்கிறது, கையில் போன் வைத்திருக்கிறாய், இப்போதே தேடிப் பார். நான் சொன்ன தொகையில் ஏதாவது தப்பு இருந்தால் மேடைக்கு வந்து சொல். அதுவரைக்கும் மற்றவர்கள் டீ குடிக்கலாம்.