வராதவர்கள் போட்ட ஓட்டு: பதவி நீக்கம் நடக்கும் விதமும் நடக்காத விதமும்

[காட்சி: எஸ்.என். ஹைரோடு, மாநகராட்சி அலுவலக வாசல்]

வணக்கம். திருநெல்வேலி மாநகராட்சி அலுவலக வாசலில் நிற்கிறேன். 2024 ஜனவரி 12 அன்று இங்கே மேயர்மீது நம்பிக்கையில்லாத் தீர்மானம் வர வேண்டியிருந்தது. மேயர் ஆளுங்கட்சி. தீர்மானம் கேட்டு மனு கொடுத்தவர்களும் அதே கட்சிக் கவுன்சிலர்கள்தான். மொத்தம் 55 வார்டு. அன்றைக்குக் கூட்டத்துக்கு எத்தனை கவுன்சிலர் வந்தார்கள் தெரியுமா? ஒருத்தர்கூட இல்லை. நாற்காலிகள் மட்டும் இருந்தன. தீர்மானம் தோற்றுப்போனது. அதே ஆண்டு ஜூலையில் அந்த மேயர் தானாகவே ராஜினாமா செய்தது தனிக் கதை.

இந்தக் காலி நாற்காலியை மறந்துவிடாதீர்கள். வீடியோ முழுக்க வரும்.

[காட்சி: டீக்கடை, பாய்லர், மடித்துவைத்த செய்தித்தாள்]

இந்த வீடியோவுக்குக் காரணம் ஒரு டீக்கடை அண்ணாச்சி. மானூர்ப் பக்கத்துக் கிராமத்திலிருந்து தினமும் டவுனுக்கு வந்து கடை போடுகிறவர். "தம்பி, பேப்பர்ல இம்பீச்மென்ட் இம்பீச்மென்ட்ங்கான். எங்க ஊரு பிரசிடெண்ட அப்டித் தூக்க முடியுமா?" என்று கேட்டார்.

முடியாது அண்ணாச்சி. ஆனால் வேறு வழி இருக்கிறது. கடைசியில் சொல்கிறேன்.

முதலில் யாரை எப்படி இறக்குவது என்று பார்ப்போம். பிரதமர், முதலமைச்சர் என்றால் நம்பிக்கையில்லாத் தீர்மானம். அதற்குக் குற்றச்சாட்டே வேண்டாம், 'உங்கள்மேல் நம்பிக்கை போய்விட்டது' என்று பெரும்பான்மை சொன்னால் போதும். கலெக்டர், தாசில்தார், வி.ஏ.ஓ. போன்றவர்களுக்குத் துறை விசாரணை. ஆளுநரைக் குடியரசுத் தலைவர் நினைத்தால் மாற்றலாம். அண்ணாச்சி கேட்ட இம்பீச்மென்ட் வழியில், அதாவது நாடாளுமன்றம் குற்றம் சாட்டி, விசாரித்து, ஓட்டெடுத்து இறக்க வேண்டியவர்கள் கொஞ்சம் பேர்தான்: குடியரசுத் தலைவர், உச்ச நீதிமன்ற, உயர் நீதிமன்ற நீதிபதிகள், தலைமைத் தேர்தல் ஆணையர், தலைமைக் கணக்குத் தணிக்கையாளர். இதிலும் ஒரு நுணுக்கம். நம் அரசியலமைப்பு 'இம்பீச்மென்ட்' என்ற சொல்லைக் குடியரசுத் தலைவருக்கு மட்டும்தான் வைத்திருக்கிறது. நீதிபதிகளுக்கு வெறும் 'பதவி நீக்கம்'. பேப்பர்காரர்கள் இரண்டையும் ஒன்றாகப் போட்டுவிடுகிறார்கள். நானும் அப்படியே பேசப்போகிறேன்.

[திரையில்: 1376, இங்கிலாந்து]

இது இங்கிலாந்தில் பிறந்த வழக்கம். ராஜாவைத் தொட முடியாது, சரி, ராஜாவின் ஆட்களைப் பிடிப்போம் என்று 1376-ல் நாடாளுமன்றம் லாட்டிமர் பிரபு உள்ளிட்டோர்மீது ஊழல் குற்றம் சாட்டியது. கீழவை குற்றம் சாட்டும், மேலவை தீர்ப்புச் சொல்லும் என்ற முறை அங்கே தொடங்கியதுதான்.

நமக்கு நெருக்கமான வழக்கு வாரன் ஹேஸ்டிங்ஸுடையது. வங்காளத்தில் கிழக்கிந்தியக் கம்பெனியின் கவர்னர் ஜெனரலாக இருந்துவிட்டு ஊர் திரும்பியவரை அந்நாட்டு எம்.பி. எட்மண்ட் பர்க் கூண்டில் ஏற்றினார். 1788-ல் விசாரணை தொடங்கியது, 1795-ல்தான் தீர்ப்பு வந்தது. ஏழு வருஷம்! நம் கோர்ட் வாய்தாவைக் குறை சொல்கிறவர்கள் கவனிக்க. கடைசியில் விடுதலை. அது முடிந்து நாலே வருஷத்தில், 1799-ல், அதே கம்பெனி கட்டபொம்மனைக் கயத்தாறில் தூக்கிலிட்டது. அங்கே ஏழு வருஷம் எடுக்கவில்லை.

அமெரிக்காவை வேகமாகத் தாண்டிவிடுவோம். 1868-ல் அதிபர் ஆண்ட்ரூ ஜான்சன் ஒரே ஓட்டில் தப்பினார். கிளின்டன் ஒருமுறை, டிரம்ப் இருமுறை குற்றம் சாட்டப்பட்டு, மேலவையான செனட்டில் தப்பினார்கள். நிக்சன் ஓட்டெடுப்புக்கு முன்பே 1974-ல் ராஜினாமா செய்துவிட்டார்.

[திரையில்: 1993 மே 11, மக்களவை]

இப்போது நம் கதை. நீதிபதி வி. ராமசாமி, சென்னை உயர் நீதிமன்றத்தில் இருந்தவர். பஞ்சாப் ஹரியானா உயர் நீதிமன்றத் தலைமை நீதிபதியாக இருந்தபோது சண்டிகரில் அரசு வீட்டுக்குக் கணக்கில்லாமல் செலவு செய்தார் என்று புகார். அப்புறம் உச்ச நீதிமன்றத்துக்கும் வந்துவிட்டார். 1991-ல் மக்களவையில் 108 எம்.பி.க்கள் கையெழுத்துப் போட்டு நோட்டீஸ் கொடுத்தார்கள். சட்டப்படி மக்களவை என்றால் 100 பேர், மாநிலங்களவை என்றால் 50 பேர் போதும். சபாநாயகர் மூன்று பேர் குழு அமைத்தார். குழுவில் யார் யார் இருக்க வேண்டும் என்பதும் சட்டத்திலேயே இருக்கிறது: ஒரு உச்ச நீதிமன்ற நீதிபதி, ஒரு உயர் நீதிமன்றத் தலைமை நீதிபதி, ஒரு சட்ட வல்லுநர். 14 குற்றச்சாட்டில் 11 நிரூபணமானது என்று குழு சொன்னது.

அவ்வளவு ஆன பிறகு வேலை முடிந்தது என்றுதானே நினைப்போம்? ஓட்டெடுப்பைப் பாருங்கள். ஆதரவு 196. எதிர்ப்பு பூஜ்யம். தீர்மானம் தோல்வி.

எப்படி? இங்கேதான் கணக்கு. நீதிபதியை நீக்க இரண்டு வாசல் தாண்ட வேண்டும். ஓட்டுப் போட்டவர்களில் மூன்றில் இரண்டு பங்கு வேண்டும், அது இருந்தது. கூடவே சபையின் மொத்த உறுப்பினர்களில் பாதிக்குமேல் வேண்டும், அதாவது 272-ஐத் தாண்ட வேண்டும். சபையில் இருந்த 205 பேர் ஓட்டே போடாமல் உட்கார்ந்திருந்தார்கள். இந்த வகை ஓட்டெடுப்பில் சும்மா இருப்பதும் 'வேண்டாம்' என்பதும் ஒன்றுதான். ஒரே வித்தியாசம், சும்மா இருந்தவர் 'நான் எதிர்க்கவில்லையே' என்று ஊருக்குப் போய்ச் சொல்லிக்கொள்ளலாம். எனக்கு இதைவிடப் பச்சையான எதிர்ப்பே மேல் என்று தோன்றும். ராமசாமி 1994-ல் வழக்கம்போல ஓய்வு பெற்றார்.

2011-ல் கல்கத்தா உயர் நீதிமன்றத்தின் சௌமித்ர சென்மீது மாநிலங்களவையில் தீர்மானம் நிறைவேறியது. மக்களவைக்கு வருவதற்குள் அவரே விலகிவிட்டார். நாடாளுமன்றம் ஓட்டுப் போட்டு வீட்டுக்கு அனுப்பிய நீதிபதி என்று இந்தியாவில் ஒருவரும் இல்லை. குடியரசுத் தலைவர் என்றால் இன்னும் கடினம். கால்வாசி உறுப்பினர் கையெழுத்து, 14 நாள் நோட்டீஸ், இரு அவையிலும் மொத்த எண்ணிக்கையில் மூன்றில் இரண்டு பங்கு. இதுவரை யாரும் அதைத் தொட்டதே இல்லை.

காலி நாற்காலி நம் ஊர்ச் சரக்கு மட்டுமல்ல. தென்கொரியாவில் 2024 டிசம்பர் 7 அன்று அதிபர் யூனை நீக்க 200 ஓட்டு வேண்டும். ஆளுங்கட்சிக்காரர்கள் எழுந்து வெளியே போய்விட்டார்கள், தீர்மானம் செத்தது. ஒரு வாரம் கழித்து உள்ளே உட்கார்ந்தார்கள், 204 ஓட்டு விழுந்தது. 2025 ஏப்ரலில் அரசியலமைப்பு நீதிமன்றம் அவரை நீக்கியது.

[காட்சி: மானூர் கோயில், கல்வெட்டு]

அண்ணாச்சியின் ஊருக்குப் பக்கத்து மானூர்க் கோயிலில் சுமார் 1,200 வருஷத்துக்கு முந்தைய பாண்டியர் கல்வெட்டு ஒன்று இருக்கிறது. ஊர்ச் சபையில் யார் உட்காரலாம் என்று விதி சொல்கிறது. அதில் ஒரு விதி எனக்குப் பிடித்தது. எந்தத் தீர்மானம் வந்தாலும் 'இல்லை, இல்லை' என்று முட்டுக்கட்டை போடுகிற ஆளுக்கு ஐந்து காசு அபராதம். வாய் திறந்து தடுத்தவனுக்கு அபராதம் போட்டார்கள். வாயே திறக்காதவனுக்கு என்ன என்று கேட்க ஆசைதான்.

[காட்சி: மீண்டும் டீக்கடை]

சரி, அண்ணாச்சியின் பிரசிடெண்ட். கிராம ஊராட்சித் தலைவரை மக்கள் நேரடியாகத் தேர்ந்தெடுக்கிறார்கள், அதனால் வார்டு உறுப்பினர்கள் மட்டும் கூடி இறக்கிவிட முடியாது. தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டம் 205-வது பிரிவில் வழி இருக்கிறது. அதிகாரத்தைத் தவறாகப் பயன்படுத்தினார் என்று குற்றச்சாட்டு எழுதி, மூன்றில் இரண்டு பங்கு உறுப்பினர்கள் கையெழுத்துப் போட்டு, இரண்டு பேர் கொக்கிரகுளம் போய்க் கலெக்டரிடம் நேரில் கொடுக்க வேண்டும். கலெக்டர் தலைவரிடம் விளக்கம் கேட்பார். தாசில்தார் ஊராட்சிக் கூட்டத்தைக் கூட்டி உறுப்பினர் கருத்தைக் கேட்பார். அதற்கப்புறம்தான் முடிவு.

"எங்க பஞ்சாயத்துல ஒம்பது வார்டு" என்றார் அண்ணாச்சி.

அப்படியென்றால் ஆறு கையெழுத்து வேண்டும் என்றேன். விரல் விட்டு ஒவ்வொரு பெயராக எண்ணினார். ஐந்துவரை வந்தது. ஆறாவது விரலில் கொஞ்ச நேரம் நின்றார்.

"அவன் கையெழுத்தும் போட மாட்டான், மாட்டேன்னும் சொல்ல மாட்டான்" என்று சொல்லிவிட்டு டீயை ஆற்றத் தொடங்கினார்.