பசை பார்த்த விரல்

(மும்பை சயானில் ஒரு ஞாயிறு மாலை, அட்டைப்பெட்டி வேலையிலும் பிளாஸ்டிக் வேலையிலும் இருக்கும் நம் ஆட்கள் முன்னால் பேசியது. பேச்சைக் கொஞ்சம் ஒழுங்குபடுத்தி எழுதியிருக்கிறேன்.)

எல்லாருக்கும் வணக்கம். ஷிப்ட் முடிந்து வீட்டுக்குக்கூடப் போகாமல் நேரே வந்திருப்பவர்களை, சட்டையில் ஒட்டியிருக்கும் பேப்பர் தூசியைப் பார்த்தே தெரிந்துகொண்டேன். வந்ததற்கு நன்றி.

பேச்சை ஆரம்பிக்கும் முன் இந்தப் பெட்டியைப் பாருங்கள். மேடைக்குப் பக்கத்தில் தண்ணீர் பாட்டில் பெட்டிகளை ஒன்றின் மேல் ஒன்றாக அடுக்கியிருந்தார்கள். அடியில் இருந்தது இது. நாலு பக்கமும் தொப்பை தள்ளிவிட்டது. ஓரத்தைக் கிழிக்கிறேன், பாருங்கள். மேலே ஒரு தாள், கீழே ஒரு தாள், நடுவில் அலை அலையாக ஒரு தாள். மூணு பிளை. தாளைப் பிரிக்கும்போது நார் பிய்ந்துகொண்டு வர வேண்டும். இது பழைய போஸ்டர் மாதிரி முழுசாக உரிந்து வருகிறது. பசை பிடிக்கவில்லை.

நான் வாயைத் திறப்பதற்கு முன்பே இங்கே பாதிப் பேருக்கு இது தெரிந்துவிட்டது. முன்வரிசையில் ஒரு அண்ணாச்சி தலையை ஆட்டினார், கவனித்தேன். நான் பேச வந்தது அந்தத் தலையாட்டலைப் பற்றித்தான்.

அப்ஸ்கில்லிங், ரீஸ்கில்லிங் என்று இப்போது எல்லாக் கூட்டத்திலும் சொல்கிறார்கள். செய்கிற வேலையிலேயே ஒரு படி மேலே போகக் கற்றுக்கொள்வது முதலாவது. அந்த வேலை இல்லாமல் போகும்போது வேறு வேலைக்குக் கற்றுக்கொள்வது இரண்டாவது. ரெண்டும் வேண்டும். ஆனால் சொல்லித் தர வருகிறவர்கள், நம்மை ஒன்றும் தெரியாதவர்கள் என்று வைத்துக்கொண்டு ஆரம்பிக்கிறார்கள். அங்கேதான் எல்லாம் கெட்டுப்போகிறது.

என் கதையைக் கொஞ்சம் சொல்கிறேன். நாங்குநேரிப் பக்கத்திலிருந்து 1991-ல் கல்யாணமாகி தாராவிக்கு வந்தேன். சாக்கிநாக்காவில் ஒரு காலாவில், அதாவது சின்னப் பட்டறையில், வேலை கிடைத்தது. பஞ்சிங் மெஷினிலிருந்து வரும் ஷீட்டில், வெட்டுப்பட்ட துண்டுகளைத் தட்டி உதிர்க்க வேண்டும். அப்புறம் இருபத்தைந்து இருபத்தைந்தாக எண்ணிக் கட்ட வேண்டும். பெண்களுக்கு அந்த வேலைதான். மெஷின் பக்கம் விட மாட்டார்கள்.

ஒருநாள் டெஸ்டிங் பார்க்கிற பையன் வரவில்லை. லாரி வாசலில் நிற்கிறது, ரிப்போர்ட் இல்லாமல் சரக்கு போகாது. சூப்பர்வைசர் என்னைக் கூப்பிட்டு, "இந்தச் சக்கரத்தைச் சுற்று, முள் எங்கே நிற்கிறது என்று மட்டும் சொல்" என்றார். வெடிப்பு பார்க்கிற மெஷின் அது. அட்டையை இடுக்கி வைத்துச் சுற்றினால், உள்ளே இருக்கும் கிளிசரின் ஒரு ரப்பர்த் தாளை ஊத வைக்கும். அது அட்டையை முட்டிக்கொண்டே வந்து, டப்பென்று கிழிக்கும். அந்தச் சத்தத்தை முதல் தடவை கேட்டபோது எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. பத்துத் தடவை சுற்றியபிறகு ஒன்று புரிந்தது. கையில் தொட்டு 'இது மொடமொடவென்று இருக்கிறது' என்று நான் ஒதுக்கி வைத்த ஷீட்டெல்லாம் முள்ளை அதிகம் ஏற்றின. என் கைக்கு ஏற்கெனவே தெரிந்ததைத்தான் அந்த முள் எண்ணாகச் சொன்னது.

அதற்கப்புறம் கணக்கைக் கற்றுக்கொண்டேன். உங்களுக்கும் சொல்கிறேன், பெரிய விஷயம் இல்லை. பேப்பர் ரீலில் 120 ஜிஎஸ்எம், 20 பிஎஃப் என்று எழுதியிருக்கும். ஒரு சதுர மீட்டர் தாளின் எடை 120 கிராம் என்பது முதல் எண். தாள் வெடிக்காமல் எவ்வளவு தாங்கும் என்று காட்டும் பர்ஸ்ட் ஃபேக்டர் இரண்டாவது எண். இரண்டையும் பெருக்கி ஆயிரத்தால் வகுத்தால் 2.4. ஒரு சதுர சென்டிமீட்டருக்கு 2.4 கிலோ அழுத்தம் வரை அந்தத் தாள் தாங்கும். மூணு பிளையில் மூன்றும் இதே தாள் என்றால், மேலுக்கு 2.4, கீழுக்கு 2.4. நடு அலைத்தாளுக்குப் பாதிதான் எடுப்பது வழக்கம், அது 1.2. மொத்தம் 6 கிலோ. பெட்டி வாங்குகிற பார்ட்டி ஏழு கிலோ கேட்டிருந்தால் இந்தப் பேப்பரை மெஷினில் ஏற்றவே கூடாது. ரீலை வண்டியிலிருந்து இறக்குகிற ஹெல்பருக்கு இந்தக் கணக்கு தெரிந்தால், தப்பான ரீல் வாசலிலேயே நின்றுவிடும். ஆனால் அவருக்குச் சொல்லித்தர யாருக்கும் தோன்றுவதில்லை.

இப்போது பசை அண்ணாச்சி ஒருவரைப் பற்றிச் சொல்ல வேண்டும். அவர் பெயர் வேண்டாம். நான் அப்புறம் வேலை பார்த்த ஒரு கம்பெனியில் இருபது வருஷமாகப் பசை காய்ச்சினவர். மக்காச்சோள மாவு, காஸ்டிக், போராக்ஸ், தண்ணீர். வாளியில் ரெண்டு விரலை விட்டு எடுத்து, விரலை மெல்லப் பிரிப்பார். நடுவில் நூல் இழுக்கும். அந்த நூல் எந்த இடத்தில் அறுகிறது என்று பார்த்துவிட்டு, "இன்னும் அரை வாளி தண்ணீர்" என்பார். ஜூன் மாதம் மழை பிடித்துவிட்டால், காலையில் ரீலை முதுகால் ஒருதரம் தொட்டுப் பார்ப்பார், கையின் முதுகால். பேப்பரே ஈரமாக இருக்கிறது, பசையில் தண்ணீரைக் குறைக்க வேண்டும் என்று அவருக்குத் தெரியும்.

அந்தக் கம்பெனி ஆட்டோமேட்டிக் லைன் வாங்கியது. ஒரு முனையில் ரீலை மாட்டினால் மறுமுனையில் ஷீட் வரும். வெளியிலிருந்து டிப்ளமோ படித்த பையன்களைக் கொண்டுவந்தார்கள். பழைய ஆட்களில் பதினோரு பேரை அனுப்பிவிட்டார்கள், பசை அண்ணாச்சியையும் சேர்த்து. அடுத்த மழைக்காலத்தில் ஷீட் ஷீட்டாக அப்பளம் மாதிரி வளைந்தது. பையன்கள் நல்ல பையன்கள்தான், ஸ்க்ரீனில் இருக்கிற எல்லா எண்ணையும் மாற்றிப் பார்த்தார்கள். மேல்தாளும் கீழ்த்தாளும் ஒரே அளவு ஈரமாக இல்லாவிட்டால், அதிக ஈரமாக இருந்த பக்கம் காயும்போது அதிகமாகச் சுருங்கும், ஷீட் அந்தப் பக்கமாக வளையும். லைனில் ஏற்றுவதற்கு முன் ரீலைத் தொட்டுப் பார்க்கும் பழக்கம் அவர்களுக்கு இல்லை. யாரும் சொல்லிக் கொடுக்கவில்லை.

கடைசியில் நான் போய் நின்று கேட்டு, அண்ணாச்சியைத் திரும்பக் கூப்பிட்டார்கள், தினக்கூலிக்கு. அது எனக்கு இன்னும் ஆறவில்லை. சரி, வந்தார். அடியில் ஓட்டை உள்ள சின்னக் கப் ஒன்றை அவர் கையில் கொடுத்தேன். பசையை நிரப்பி விரலை எடுத்தால், முழுவதும் வடிய எத்தனை வினாடி என்று கடிகாரம் பார்க்க வேண்டும். பசையின் கெட்டித்தன்மைக்கு அதுதான் எண். "நீங்கள் விரலில் சரி என்று சொல்லுங்கள், நான் கப்பில் எண்ணுகிறேன்" என்றேன். ஐந்து வாளிக்கு அப்படிப் பார்த்தோம். ஐந்திலும் வினாடிக் கணக்கு கிட்டத்தட்ட ஒன்றாகவே வந்தது. அண்ணாச்சி கப்பைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "இவ்வளவுதானா? இதையா எனக்குப் புரியாது என்றார்கள்?" என்று கேட்டார். சாயங்காலத்துக்குள் சாக்பீஸை எடுத்து, சுவரில் தேதி போட்டு எண் எழுத ஆரம்பித்துவிட்டார்.

அவருக்கு ஒருநாள் போதுமானதாக இருந்தது. தெரிந்த இடத்திலிருந்து தொடங்கியதால்தான் போதுமானதாக இருந்தது.

பிளாஸ்டிக் பக்கமும் இதே கதைதான், அங்கே சட்டம் வேகமாக மாறுகிறது. மகாராஷ்டிரத்தில் 2018 மார்ச்சில் தடை வந்தபோது பை ஊதுகிற வேலையில் இருந்த எத்தனை பேர் தவித்தார்கள் என்று உங்களுக்குத் தெரியும். 2022 ஜூலை 1 முதல் நாடு முழுக்க ஸ்ட்ரா, ஸ்பூன், தட்டு எல்லாம் போயின. அந்த வருஷக் கடைசியிலிருந்து பிளாஸ்டிக் கைப்பையின் தடிமன் 120 மைக்ரானுக்குக் குறையக் கூடாது. இப்போது மக்கும் பைக்கான குருணை வருகிறது. எல்டி என்கிற சாதா பாலித்தீனை ஓட்டிய பழக்கத்தில் அதே சூட்டில் வைத்தால் கருகிவிடும், ஈரமும் அதற்கு ஆகாது. பிளாஸ்டிக்கை ஊதும்போது குமிழ் சரியாக எழும்புகிறதா என்று பார்க்கத் தெரிந்த ஆப்பரேட்டருக்கு இதைப் பிடித்துக்கொள்ள ஒரு வாரம் ஆகலாம். புது ஆள் என்றால், முதலில் குமிழையே பழக வேண்டும்.

தாராவியில் பதிமூணாம் காம்பவுண்டில் பிளாஸ்டிக் பிரிக்கிற அக்காமார் இங்கே வந்திருக்கிறீர்கள். தட்டினால் வரும் சத்தம், நகத்தால் கீறினால் விழும் கோடு, தண்ணீரில் போட்டால் மிதக்கிறதா முங்குகிறதா, இவற்றை வைத்தே டப்பா, மூடி செய்கிற பிபியையும் தண்ணீர் பாட்டில் செய்கிற பெட்டையும் பிரித்துவிடுவீர்கள். பிபி மிதக்கும், பெட் முங்கும். இன்ஜினீயரிங் கல்லூரியில் இதையே அடர்த்தி என்று பாடம் நடத்துகிறார்கள். 2022 பிப்ரவரியில் மத்திய அரசு கொண்டுவந்த விதியில், கெட்டியான பிளாஸ்டிக் பேக்கிங்கில் 2025-26 முதல் 30 விழுக்காடு மறுசுழற்சிப் பிளாஸ்டிக் இருக்க வேண்டும், 2028-29-ல் அது 60 ஆக வேண்டும் என்று போட்டிருக்கிறார்கள். அவ்வளவு சுத்தமான சரக்குக்குப் பெரிய கம்பெனிகள் எங்கே போகும்? பிரிக்கத் தெரிந்த கையைத் தேடித்தான் வர வேண்டும். அவர்கள் வரும்போது நீங்கள் எடை போட்டுக் கூலி வாங்கும் ஆளாக மட்டும் நிற்கக் கூடாது. உருகும் சூடு என்ன, கலப்படம் எத்தனை விழுக்காடு என்று ஏட்டில் எழுதிக் கொடுக்கிற தரம் பார்க்கும் ஆளாக நிற்க வேண்டும். அதற்குத் தேவையான படிப்பு ரொம்பக் குறைவு. மீதியெல்லாம் உங்களிடம் இருக்கிறது.

எங்கே படிப்பது என்று கேட்பீர்கள். நம் அந்தேரியிலேயே இந்திய பேக்கேஜிங் நிறுவனம் இருக்கிறது. 1966-ல் மத்திய வர்த்தக அமைச்சகத்தின் கீழ் தொடங்கியது, தலைமையிடமே இங்கேதான். நான் முதல்முறை அதன் வாசலுக்குப் போனது இந்த வேலைக்கு வந்து பதினாறு வருஷம் கழித்து. ரயிலில் தினம் அந்தேரியைத் தாண்டிப் போயிருக்கிறேன், ஒருவரும் சொன்னதில்லை. உங்கள் பிள்ளைகளில் அறிவியல் படித்தவர்கள் இருந்தால் அங்கே அனுப்பி விசாரிக்கச் சொல்லுங்கள். நமக்கு, பள்ளியைப் பாதியில் விட்டவர்களுக்கு, முன்திறன் அங்கீகாரம் என்று அரசுத் திட்டத்தில் ஒரு வழி இருக்கிறது. ஆர்பிஎல் என்பார்கள். ஏற்கெனவே தெரிந்த வேலையைச் சோதித்துப் பார்த்துச் சான்றிதழ் கொடுப்பது. யோசனை நல்ல யோசனை. ஆனால் நான் போய்ப் பார்த்த ஒரு வகுப்பில், பன்னிரண்டு மணி நேர ஷிப்ட் முடித்த ஆட்களை உட்காரவைத்து, ஆங்கில ஸ்லைடு போட்டு, போட்டோ எடுத்து அனுப்பினார்கள். யாரும் மெஷினைத் தொடவில்லை. தூங்கி விழுந்தவரைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

சட்டத்தில் இன்னொன்றும் இருக்கிறது. 2025 நவம்பர் 21 முதல் அமலுக்கு வந்த தொழிலுறவுச் சட்டத் தொகுப்பில் மறுதிறன் நிதி என்று ஒன்று வைத்திருக்கிறார்கள். ஆட்குறைப்பில் அனுப்பப்படும் ஒவ்வொருவருக்கும் பதினைந்து நாள் சம்பளத்தை முதலாளி அந்த நிதியில் கட்ட வேண்டும். 45 நாளுக்குள் அது தொழிலாளியின் கணக்குக்கு வர வேண்டும். இதை எல்லாரும் தெரிந்து வைத்துக்கொள்ளுங்கள், கேட்டு வாங்குங்கள். ஆனால் வேலை போனபிறகு வருகிற பதினைந்து நாள் சம்பளம் வாடகைக்கும் அரிசிக்கும் போய்விடும். அதை வைத்துக்கொண்டு யார் போய் மெஷின் படிப்பது? கான்ட்ராக்டரிடம் இருக்கிற ஆளுக்கு ஆட்குறைப்புக் கடிதமே வராது, "நாளைக்கு வர வேண்டாம்" என்று போனில் சொல்லி முடித்துவிடுவார்கள். ஆளை வேலையை விட்டு அனுப்பும்போது பதினைந்து நாள் சம்பளம் கொடுப்பதைவிட, மெஷின் வாங்க ஆர்டர் போட்ட அன்றைக்கே பதினைந்து நாள் சம்பளத்தோடு கற்றுக்கொடுங்கள் என்றுதான் நான் முதலாளிகளிடம் போகும்போதெல்லாம் கேட்கிறேன். புது லைன் வந்து இறங்க மாதக்கணக்கில் ஆகும். அந்த இடைவெளியில் பழைய ஆட்களைத் தயார் செய்துவிடலாம். வகுப்பு ஷிப்ட் நேரத்துக்குள் நடக்க வேண்டும், ஆளுக்குப் புரிகிற மொழியில் நடக்க வேண்டும், மெஷின் பக்கத்தில் நடக்க வேண்டும். பெண்களும் அதில் இருக்க வேண்டும். எண்ணிக் கட்டுகிற மேஜையை விட்டு நான் நகர்ந்தது ஒரு பையன் லீவு போட்டதால். என்னோடு அன்றைக்கு எண்ணிக்கொண்டிருந்த ஆறு பெண்களுக்கு அப்படி ஒரு நாள் வரவே இல்லை. அவர்களில் என்னைவிடக் கணக்கில் கெட்டிக்காரி ஒருத்தி இருந்தாள்.

முதலாளிகள் கேட்கிறவரை காத்திருக்கவும் வேண்டாம். அடுத்த ஞாயிறு காலை பத்து மணிக்கு இதே இடத்தில் இருப்பேன். கப்பும், தடிமன் பார்க்கிற மைக்ரோமீட்டரும், ஒரு சின்னத் தராசும் கொண்டுவருகிறேன். நீங்கள் வீட்டில் கிடக்கிற பெட்டி ஒன்றை எடுத்து வாருங்கள், எந்தப் பெட்டியானாலும் சரி. ஒரு வாளித் தண்ணீரில் ஊறப்போட்டு, தாள் தாளாகப் பிரித்து, வெயிலில் காயவைத்து, எடை போட்டு, அது எத்தனை ஜிஎஸ்எம் என்று நாமே கண்டுபிடிப்போம். காய்வதற்குள் டீ குடித்துவிடலாம். இரவு ஷிப்ட் முடித்து வருகிறவர்கள் பதினொன்றுக்கு வந்தாலும் போதும், எடை போடும் நேரத்துக்குச் சரியாக இருக்கும்.