பேரணியில் முன்னுக்கு, கோரிக்கையில் பின்னுக்கு

வணக்கம் உறவுகளே. யாழ்ப்பாணத்தில் ஜூன் மாதப் பேரணி நடந்தால் வானவில் கொடியோடு முன்னுக்கு நடப்பவர்களில் பலர் என்னைப் போன்ற திருநங்கைகள்தான். படம் பிடிக்கிறவர்களும் எங்களைத்தான் பிடிக்கிறார்கள். ஆனால் கோரிக்கைகளை எழுத உட்கார்ந்தால், தன்பாலின உறவைக் குற்றமாக்கும் தண்டனைச் சட்டக்கோவையின் 365ஆம் பிரிவோடு பேச்சு முடிந்துவிடுகிறது. எனக்கு அது மனவருத்தம்.

1883இல் வெள்ளைக்காரன் எழுதிய அந்தச் சட்டம் போகத்தான் வேண்டும். அதை மாற்றும் சட்டமூலம் அரசியலமைப்புக்கு முரணில்லை என்று 2023இல் உயர் நீதிமன்றமே சொல்லிவிட்டது. சரி, நாளைக்கே அது போனாலும் எங்கள் அடையாள அட்டைப் பிரச்சினை தீருமா?

உங்கள் அட்டை எண்ணைப் பாருங்கள். பிறந்த ஆண்டுக்கு அடுத்த மூன்று இலக்கங்கள், அந்த ஆண்டில் நீங்கள் பிறந்தது எத்தனையாவது நாள் என்பதைக் காட்டும். பெண் என்றால் அதோடு 500 கூட்டியிருக்கும். பெயரை விடுங்கள், எண்ணே காட்டிக்கொடுத்துவிடும். வங்கியில் சேலையோடு நிற்கிற என்னைப் பார்ப்பார்கள், அட்டையைப் பார்ப்பார்கள், திரும்ப என்னைப் பார்ப்பார்கள், அப்புறம் பக்கத்து மேசைக்காரரையும் கூப்பிட்டுக் காட்டுவார்கள்.

2016 முதல் பாலின அங்கீகாரச் சான்றிதழ் கிடைக்கிறது, உண்மைதான். மனநல வைத்தியரிடம் போய் அதை எடுத்து, பிறப்புச் சான்றிதழைத் திருத்தி, அதற்குப் பிறகுதான் அட்டை. வீட்டை விட்டுத் துரத்தப்பட்ட பிள்ளை பஸ் காசுக்கு எங்கே போகும்? இதற்கிடையில், ஆள்மாறாட்டம் பற்றிய 399ஆம் பிரிவையும் 1841ஆம் ஆண்டு அலைந்து திரிவோர் சட்டத்தையும் காட்டி எங்களைப் பிடித்திருக்கிறார்கள்.

இது இங்கே மட்டும் நடக்கிற கதை இல்லை. 1973இல் நியூயோர்க் பேரணி மேடையில், எங்களைப் போன்றவர்களுக்காகப் போராடிய திருநங்கை சில்வியா ரிவேரா ஏறியபோது சொந்தக் கூட்டமே கூச்சல் போட்டது. சிறையில் கிடந்த தங்கள் ஆட்களுக்காகத்தான் அந்த மனுஷி பேச வந்தார்.

தன்பாலீர்ப்புள்ள நண்பர்களை நான் குறை சொல்லவில்லை. வீட்டில் கல்யாணப் பேச்சு எடுக்கும்போது அவர்கள் படும் பாடு எனக்குத் தெரியும். பலருக்குப் பேரணிப் பக்கம் தலைகாட்டவே முடியாது. அவர்களுக்காகவும் நாங்கள் நடப்போம். பெண்ணை நேசிக்கிற திருநங்கைகளும் எங்களுக்குள் இருக்கிறார்கள், அவர்களுக்கு இரண்டு பாடும் சேர்ந்தே வருகிறது.

அதனால் அடுத்த கூட்டத்துக்கு வருகிறவர்களிடம் இப்போதே கேட்கிறேன்: அடையாள அட்டையையும் வேலையையும் 365க்குப் பக்கத்திலேயே எழுதுங்கள். சான்றிதழ் எடுக்கப் போகிற பிள்ளைகளோடு கிளினிக்குக்குத் துணையாகப் போகக்கூடியவர்கள் யாழ்ப்பாணத்தில் இருந்தால் எனக்குத் தனியாகச் செய்தி அனுப்புங்கள்.