கேம் கியர் விட்டுச் சென்றது சறுக்கலா, சாதனையா? – ‘சாதனையே’ அணியின் உரை

நடுவர் அவர்களே, அவையோரே, எதிரணியினரே, எல்லாருக்கும் சேர்த்து ஒரே வணக்கம். மணி அடிக்கிறவர் என்னையே பார்க்கிறார்.

1990-ல் செகா கம்பெனி ஜப்பானில் இறக்கிய, கையில் பிடித்து ஆடும் வீடியோ கேம் கருவி, கேம் கியர். விற்பனைக் கணக்கைப் பார்த்தால் நான் இப்போதே உட்கார்ந்துவிடலாம். போட்டிக் கம்பெனி நிண்டெண்டோவின் கேம் பாய், அதன் தம்பி கேம் பாய் கலரோடு சேர்த்து, 11 கோடியைத் தாண்டியது. நம்ம ஆள் ஒரு கோடியைத் தாண்டவே மூச்சு வாங்கினார்.

அதை விடுங்கள். எதிரணி சகோதரி ஒன்று சொன்னாரே! “ஆறு பேட்டரி போட்டால் மூணு மணி நேரம். இது விளையாட்டுக் கருவியா, பேட்டரி கம்பெனி போட்ட தூண்டிலா?” நீங்களும் விழுந்து விழுந்து சிரித்தீர்கள்.

சகோதரி, அந்த ஆறையும் தின்றது யார்? அதன் மூளையான இசட்80 சிப்பா? 3.58 மெகாஹெர்ட்ஸில் ஓடும் அது பரம சாது! தின்றது, திரைக்குப் பின்னால் படுத்திருக்கும் மெல்லிய ஃப்ளூரசன்ட் குழல். கல்யாண மண்டபத்து டியூப் லைட்டின் பேரன். ஆறு பேட்டரி கொடுப்பது 9 வோல்ட். குழலுக்கோ சில நூறு வோல்ட் வேண்டும். ஏற்றிக் கொடுக்கிற சர்க்யூட்டும் தன் பங்குக்குக் கமிஷன் அடிக்கும். “எல்இடி போட்டிருக்கலாமே?” எந்தக் கடையில் வாங்கி? பிரகாசமான நீல எல்இடியே 1993-ல்தான் வந்தது. வெள்ளை அதற்கும் பிறகு. பிறக்காத பிள்ளையைப் பள்ளிக்கூடம் அனுப்பவில்லை என்று கேஸ் போடுகிறார், நடுவர் அவர்களே!

கேம் பாய்க்கு நாலு பேட்டரி, பத்து மணி நேரத்துக்கு மேல் ஓடும். ஏன்? விளக்கே கிடையாது. இருட்டில் உட்கார்ந்தால் யாருக்குத்தான் கரண்ட் பில் வரும்?

அடுத்த புகார், கபாசிட்டர், அதாவது போர்டில் மின்சாரத்தைத் தேக்கி வைக்கும் குட்டிப் பாகம், கெட்டுப்போகிறது என்பது. ஒரு தம்பி பழைய கேம் கியர் வாங்குகிறார். ஆன் பண்ணினால் சிவப்பு விளக்கு எரிகிறது, படம் இல்லை. சாய்த்துப் பார்த்தால் ஏதோ நிழல். சத்தம்? காதை ஒட்டினால் கொசு. திறக்கப் போனார், எல்லாத் திருகும் வந்தது, ஒன்று மட்டும் 4.5 மி.மீ. கேம்பிட் என்ற தனி ஸ்க்ரூடிரைவர் கேட்டது. அதையும் வாங்கினார். உள்ளே மூணு போர்டு: மெயின், சவுண்ட், பவர். சவுண்ட் போர்டில் சால்டரிங் அயர்னை வைத்தார். குப்பென்று மீன் வாடை! சமையலறையிலிருந்து குரல்: “யார் மீன் பொரிக்கிறது?” தம்பி கப்சிப். பவர் போர்டில் வைத்தார். மறுபடி மீன்! “சொல்லாமல் யார் மீன் வாங்கினது?” மெயின் போர்டுக்குப் போகும்போது வீட்டில் தட்டே போட்டாகிவிட்டது!

மீன் இல்லை ஐயா, கபாசிட்டர் திரவம். அடி ரப்பர் விட்டுப்போய்க் கசிந்து, செம்புத் தடத்தை அரிக்கிறது. பெட்டியில் பூட்டி வைத்தாலும் கசியும். அதே 1990-ல் வந்த என்இசி கம்பெனியின் கையடக்க கேம் கருவி டர்போஎக்ஸ்பிரஸுக்கும் இதே வியாதிதான். அதைச் சகோதரி சொல்லவில்லை. தம்பி பழைய கபாசிட்டரைக் குறடால் பிடுங்கவில்லை. பிடுங்கினால் அது ஒட்டியிருக்கும் செம்புத் திட்டான பேடும் பெயர்ந்து வரும். இரண்டு காலிலும் புது ஈயம் வைத்து, மாற்றி மாற்றிச் சூடு காட்டி நகர்த்தினார். ஐசோப்ரொப்பைல் ஆல்கஹாலால் துடைத்தார். தடம் அறுந்திருக்கிறதா என்று மல்டிமீட்டரில் பார்த்தார். கபாசிட்டர் மதிப்புகள் போர்டுக்குப் போர்டு மாறும் என்பதால் போர்டின் ரிவிஷன் எண்ணைப் பார்த்து, ப்ளஸ் மைனஸ் பார்த்துப் புதுசு வைத்தார். படம் வந்தது. கொசு பாட்டுப் பாடியது.

மணி அடித்துவிட்டார்கள். ஒரே நிமிஷம்.

ராத்திரிப் பயணம். காரின் பின் சீட்டில் ஒரு பையன் கேம் பாயைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு அடுத்த தெருவிளக்குக்குக் காத்திருக்கிறான், நாலே நாலு சாயலுக்காக. இன்னொரு காரில் அண்ணனும் தங்கையும் கேம் கியரின் 3.2 அங்குலத் திரைமேல் தலையோடு தலை முட்டிக்கொண்டு கிடக்கிறார்கள். 4096 வண்ணத்தில் ஒரே சமயத்தில் 32, இருட்டிலேயே தெரிகிறது. மூணு மணி நேரம்தான். அந்த மூணு மணி நேரம் அவர்கள் சண்டை போடவில்லையே, ஐயா! தோற்ற பொருள் என்றால் 2020-ல் அதற்கு 30-ஆம் ஆண்டு என்று செகாவே ஏன் 1.15 அங்குலத் திரையில் ஒரு குட்டி கேம் கியர் செய்து விற்க வேண்டும்?

நடுவர் அவர்களே, கால்குலேட்டரை மூடிவைத்துவிட்டு, அந்தத் தங்கைக்கு அண்ணனாக நின்று தீர்ப்புச் சொல்லுங்கள். நன்றி.