உம் கொட்ட ஓர் ஆள்

(நாகர்கோவிலில் ஒரு வாசகர் கூட்டத்தில் பேசியதன் எழுத்து வடிவம்)

எல்லாருக்கும் வணக்கம். கிராமத்துச் சிறுகதையில் வாய்மொழி மரபு என்று தலைப்பு கொடுத்திருக்கிறீர்கள். தலைப்பைக் கேட்டதும் எனக்கு ஞாபகம் வந்தது என் பாட்டியின் கோபம்தான்.

கரண்ட் போன ராத்திரிகளில் பாட்டி நீலி கதை சொல்லுவாள். ஒரே நிபந்தனை, நான் உம் கொட்ட வேண்டும். உம் நின்றால் கதையும் நிற்கும். "கேக்கியா, ஒறங்கிட்டியா மக்கா?" என்பாள். தூங்கிவிட்டேன் என்று தெரிந்தால் ஒரு முணுமுணுப்பு, அதோடு சரி. ஆனால் மறுநாள் ராத்திரி, நான் தூங்கிப்போன அதே இடத்திலிருந்து தொடங்குவாள். அது எந்த இடம் என்று எனக்கே தெரியாது, அவளுக்குத் தெரியும்.

நீலி கதை உங்களுக்குத் தெரிந்ததுதான். கொன்றவனைப் பழிவாங்க வருகிறாள். கள்ளிக் கொம்பை ஒடித்துப் பிள்ளையாக்கி இடுப்பில் வைத்துக்கொண்டு, "இவர்தான் என் புருஷன்" என்று ஊர்ப் பெரியவர்கள் முன்னால் நிற்கிறாள். பழைய கதையில் அந்த ஊர் பழையனூர், வடக்கே திருவாலங்காட்டுக்குப் பக்கம். என் பாட்டிக்கு அதெல்லாம் கணக்கில்லை. அவளுடைய நீலி இங்கே நம் முப்பந்தலில்தான் நின்றாள். ஆரல்வாய்மொழிக் கணவாய்க் காற்று அவள் தலைமயிரை அடித்துக்கொண்டு போகும். நீலியைச் சாமியாகக் கும்பிடும் இசக்கியம்மன் கோயில் அங்கேதானே இருக்கிறது, வேறு எங்கே நிற்பாள்? இன்றைக்கு அந்தப் பக்கமெல்லாம் காற்றாலை. பாட்டி இருந்திருந்தால் அதையும் கதைக்குள் சுற்ற விட்டிருப்பாள்.

பிள்ளை வரும் இடத்தில் என்னிடம் கேட்பாள்: "பிள்ளை அழுதா, சிரிச்சா?" அழுதது என்று நான் சொன்னால் அன்றைக்குக் கதை ஒரு வழியில் போகும். சிரித்தது என்றால் வேறு வழி. சிரித்தது என்று சொன்ன ராத்திரிகளில் எனக்குப் பயம் அதிகம்.

இதைத்தான் இன்று சொல்ல வந்தேன். வாய்மொழி மரபிலிருந்து எடுத்துக்கொள்கிறோம் என்று சொல்லி நாம் சொல்கிறவரின் குரலை மட்டும் எடுத்துக்கொண்டோம். கேட்கிறவரைத் திண்ணையிலேயே விட்டுவிட்டு வந்துவிட்டோம்.

பாருங்கள், கிராமத்துக் கதை என்றால் உடனே 'எனக்க', 'உனக்க', 'அவனுக்க' என்று நான்கு சொல், ஒரு பழமொழி, கடைசியில் ஒரு சாமியாட்டம். அவியலுக்கு மேலே கறிவேப்பிலை போடுகிற மாதிரி. பேச்சை எழுதக் கூடாது என்று சொல்லவில்லை. 1956 நவம்பர் 1 வரை திருவிதாங்கூர்-கொச்சியோடு இருந்த நான்கு தாலுகா சேர்ந்ததுதான் நம் குமரி மாவட்டம். தோவாளைப் பேச்சும் விளவங்கோட்டுப் பேச்சும் ஒன்றில்லை. அதை எழுதத்தான் வேண்டும். ஆனால் அது தோல். நான் கேட்பது உள்ளே இருப்பதை.

வில்லுப்பாட்டைக் கவனியுங்கள். வில் இருக்கிறது, குடம், உடுக்கை, தாளம், கட்டை எல்லாம் இருக்கிறது. தலைமைப் பாடகரான அண்ணாவி வீசுகோலால் நாணைத் தட்டிக் கதை சொல்கிறார். பக்கத்தில் ஒருவர் "ஆமா" போடுகிறார். சின்னப் பிள்ளையாக இருந்தபோது இந்த ஆமாக்காரருக்கு எதற்குச் சம்பளம் என்று நினைப்பேன். அவர் வேலை பெரியது. கூட்டத்தில் ஒருவருக்கு எழும் சந்தேகத்தை அவர் முந்திக்கொண்டு கேட்கிறார். அண்ணாவிக்கு மூச்சு விட இடம் கொடுக்கிறார். கதை வேகமாக ஓடினால் "அதெப்படி?" என்று பிடித்து நிறுத்துகிறார்.

இன்னொன்று. வில்லுப்பாட்டை நாம் வாய்மொழி என்கிறோம், ஆனால் அந்தக் கதைகளில் பல ஏட்டில் எழுதியிருந்தவை. நோட்டுப் புத்தகத்தைப் பார்த்துப் பாடும் அண்ணாவிகளை நான் பார்த்திருக்கிறேன். அப்படியானால் அதில் வாய்மொழி எது? கொடையில், அதாவது கோயில் திருவிழாவில், நடுச்சாமம், கதையில் சாவு வரும் கட்டம். எதிரே சாமியாடி நிற்கிறார். அவருக்கு இன்னும் அருள் வரவில்லை என்றால் அண்ணாவி அந்தச் சாவை நீட்டுகிறார், ஒரு வரியைத் திரும்பத் திரும்பப் பாடுகிறார். உடம்பு நடுங்கத் தொடங்கியதும் தாளம் ஏறுகிறது. ஏட்டில் வரி இருக்கிறது. எத்தனை தடவை பாடுவது என்பது எதிரே நிற்பவரின் உடம்பில் இருக்கிறது.

கதையின் அளவையும் கேட்கிறவர்களின் வேலைதான் தீர்மானிக்கிறது. அக்கானி, அதாவது பதநீர், காய்ச்சும் விளையில் சொல்லும் கதைக்கு முடிவு உண்டு. கருப்பட்டிப் பதம் வந்துவிட்டால் எல்லாரும் எழுந்து சிரட்டையில் ஊற்றப் போய்விடுவார்கள், அதற்குள் முடித்தாக வேண்டும். அண்டியாபீசில், அதாவது முந்திரிக்கொட்டை ஆலையில், நடப்பது வேறு. நாள் முழுக்கக் கை கொட்டையில், வாய் கதையில். அங்கே கதை முடிய வேண்டியதே இல்லை. நேற்று மருமகள் வீட்டை விட்டுப் போனாள், இன்று திரும்பி வருவாளா, நாளைக்குத் தெரியும். சிறுகதைக்குக் கடைசி வரியில் திருப்பம் வேண்டும் என்பவர்கள் இரண்டு நாள் அண்டியாபீஸ் வாசலில் நிற்கலாம்.

நம் ஊர் எழுத்தில் இதைப் புரிந்துகொண்டவர் சுந்தர ராமசாமி. 1966-இல் வந்த 'ஒரு புளிய மரத்தின் கதை' நாவல்தான், இருந்தாலும் சொல்கிறேன். அதில் தாமோதர ஆசான் தனியாகக் கதை சொல்வதில்லை. சுற்றிலும் கேட்கிற இளவட்டங்களையும் கதைக்குள்ளேயே உட்கார வைத்திருக்கிறார். அவர்கள் இல்லாவிட்டால் ஆசான் வெறும் கிழவர்.

சரி, அப்படியென்றால் ஒவ்வொரு கதையிலும் ஒரு பாட்டியையும் பேரனையும் வைக்கச் சொல்கிறாயா என்று முன்வரிசையில் ஒருவர் முகத்தைச் சுளிக்கிறார். இல்லை ஐயா. ஒரு வாக்கியம் எழுதியதும், "அதெப்படி?" என்று ஒருவர் கேட்க நேரம் விட்டு அடுத்த வாக்கியத்தை எழுதுங்கள் என்கிறேன். அந்த இடைவெளி பக்கத்தில் தெரியாது, காதில் தெரியும்.

என் சங்கதியைச் சொல்லிவிட்டு இறங்குகிறேன். போன வருஷம் அக்கானி விளையை வைத்து ஒரு கதை எழுதினேன். நல்லா வந்திருக்கிறது என்று எனக்கே ஒரு எண்ணம். என் சித்திக்கு வாசித்துக் காட்டினேன். சித்தி இளமையில் அக்கானி காய்ச்சியவள். மூன்றாவது பத்தி வரைக்கும் உம் கொட்டினாள். நான்காவது பத்தியில் பனையிலிருந்து இறங்கி வருகிறவன் அடுப்படியைப் பார்த்துச் சிரிப்பான். உம் நின்றுவிட்டது.

"அவன் எதுக்கு சிரிச்சான்?" என்றாள்.

சும்மா, ஒரு அழகுக்காக எழுதியிருந்தேன். அதைச் சொல்ல வாய் வரவில்லை. கதை இன்னும் மேசைக்குள்தான் கிடக்கிறது. பார்க்கும்போதெல்லாம் சித்தி கேட்கிறாள், அந்த ஆள் சிரித்த காரணம் தெரிந்ததா என்று.