முற்றத்துக்கு வந்த அடுப்பு

(கும்பகோணத்தில் பழைய ஆவணப்படத் திரையிடலுக்கு முன் நிகழ்த்திய உரை)

நண்பர்களே, வணக்கம்.

இன்று பார்க்கப்போவது இரண்டாம் உலகப் போர்க் காலத்துப் படங்கள். பீரங்கியை எதிர்பார்க்காதீர்கள். சந்தை, துணி துவைக்கும் துறை, அறுவடை, இவைதான் வரும். லத்தீன் அமெரிக்கா ஜெர்மனி பக்கம் சாய்ந்துவிடக் கூடாதே என்று 1940இல் அமெரிக்க அரசு நெல்சன் ராக்பெல்லர் தலைமையில் ஓர் அலுவலகம் திறந்தது. 1939இல் வார்சா முற்றுகையைப் படமெடுத்த ஜூலியன் பிரையன் அதற்காகத் தென் அமெரிக்க மக்களின் அன்றாடத்தை எடுத்தார். நம் பக்கம் 1943இல் பிரிட்டிஷ் இந்திய அரசின் படப் பிரிவான இன்ஃபர்மேஷன் பிலிம்ஸ் ஆஃப் இந்தியா வந்தது. அரசு ஒப்புதல் பெற்ற 2000 அடிப் படத்தைத் தியேட்டர்காரர் அன்று ஓட்டியே ஆகவேண்டியிருந்தது; 35 மி.மீ.யில் அது 22 நிமிஷம்.

கேமராவைக் கவனியுங்கள். 16 மி.மீ. சுருள் 100 அடி. விநாடிக்கு 24 பிரேம், அதாவது 24 தனிப்படம், என்ற வேகத்தில் 2 நிமிஷம் 46 விநாடியில் தீர்ந்துவிடும். ஸ்பிரிங் முறுக்கி ஓட்டுகிற கேமரா, ஒரு முறுக்குக்குச் சுமார் அரை நிமிஷம். ஸ்பிரிங் தளர்ந்தால் கேமரா மெதுவாகும், ஒவ்வொரு பிரேமிலும் வெளிச்சம் கூடும்; புரொஜெக்டரோ வழக்கமான வேகத்தில்தான் ஓடும். திரையில் ஆட்கள் திடீரென ஓட்டமும் நடையுமாகி, படமும் வெளுத்தால் அதுதான் காரணம். அந்த ஊர்க்காரர் பரபரப்பானவர் என்று நினைத்துவிடாதீர்கள்.

வண்ணத்துக்குக் கோடாக்ரோம் பிலிம். அன்றைய கோடாக்ரோமின் வேகம், அதாவது வெளிச்சத்தை உணரும் திறன், 10 அளவில்தான். நல்ல வெயிலிலேயே லென்ஸின் துவாரத்தை எஃப் 8 என்ற அளவு வரை திறக்க வேண்டும். கூரைவீட்டு அடுப்படி கன்னங்கரேலென்றுதான் விழும். விளக்குக் கட்ட மின்சாரம் இல்லாத ஊரில் அடுப்பையே முற்றத்துக்குத் தூக்கி வரவேண்டும். சமைக்கிறவர் கண்ணைச் சுருக்கிக்கொண்டு கிண்டினால் புகையை மட்டும் சந்தேகப்படாதீர்கள், உச்சி வெயிலாகவும் இருக்கலாம்.

பருவமும் ஏமாற்றும். ஜூன் 12 மேட்டூர் திறந்த கையோடு ஒருவர் இங்கே மூன்று நாள் சுற்றினால் கல்லணைத் தண்ணீரும் குறுவை நாற்றங்காலும் கிடைக்கும். தையில் வந்தால் சம்பா அறுப்பு. சித்திரையில் வந்தால் வெடித்த வயல். வர்ணனைக்காரர் எதைக் கண்டாலும் "இதுதான் தஞ்சாவூர்" என்பார். வர்ணனையும் சந்தை இரைச்சலும் பெரும்பாலும் பிறகு ஸ்டுடியோவில் சேர்த்தவை. அதனால் முதல் ரீலைச் சத்தமில்லாமல் ஓட்டிவிட்டு, மறுபடி சத்தத்தோடு ஓட்டுவோம்.

ஒரு வேண்டுகோள். 16 மி.மீ.யில் ஒலி, தன் படத்துக்கு 26 பிரேம் முன்னே இருக்கும். புரொஜெக்டரில் கீழ் லூப், அதாவது பிலிமைத் தளர்வாக விடுகிற வளையம், சுருங்கினால் படம் குதிக்கும், சத்தமும் விலகும். குதித்தால் விசில் அடிக்காதீர்கள், பிலிம் ஓரத்துத் துளை கிழிவதற்குள் நிறுத்தி லூப்பைச் சரிசெய்வோம். சத்தம் விலகுவது மட்டும் உங்களுக்குத் தெரியப்போவதில்லை. இந்தப் படங்களில் பேசுகிற வாயே இல்லை.