மகனுக்கு 18 வயதாகும் வரை கருணை வேலைக்குக் காத்திருக்கலாமா?

வணக்கம். இன்று விளக்கம் சொல்ல எடுத்துக்கொண்ட சந்தேகம் திருவண்ணாமலை மாவட்டத்திலிருந்து ஒரு சகோதரி அனுப்பியது. தமிழ்நாடு அரசு அலுவலகம் ஒன்றில் அலுவலக உதவியாளராக இருந்த அவருடைய கணவர், பணியில் இருக்கும்போதே காலமாகி 2 ஆண்டு 4 மாதம் ஆகிறது. சகோதரி பத்தாம் வகுப்புத் தேர்ச்சி பெற்றவர். ஒரே மகனுக்கு இப்போதுதான் 15 வயது முடிந்திருக்கிறது. "அப்பா வேலை பிள்ளைக்குத்தான், அவனுக்கு 18 முடியட்டும் என்று வீட்டுப் பெரியவர்கள் சொல்கிறார்கள். நானும் இதுவரை வெளியே வேலைக்குப் போனதில்லை. காத்திருக்கலாமா?" என்று கேட்டிருக்கிறார்.

காத்திருக்க வேண்டாம், சகோதரி. உங்கள் பெயரிலேயே, இந்த மாதமே விண்ணப்பம் கொடுத்துவிடுங்கள்.

கருணை அடிப்படையிலான பணி நியமனத்திற்காக 2023-இல் வெளியிடப்பட்ட தமிழ்நாடு அரசின் விதிகளின்படி, அரசுப் பணியாளர் இறந்த நாளிலிருந்து 3 ஆண்டுகளுக்குள் விண்ணப்பிக்க வேண்டும். விண்ணப்பிப்பவருக்கு அப்போது 18 வயது நிறைந்திருக்கவும் வேண்டும். உங்கள் கையில் இருப்பது 8 மாதம். மகனுக்கு 18 நிறைய இன்னும் ஏறக்குறைய 3 ஆண்டு. அவன் தகுதி பெறும்போது உங்கள் கெடு முடிந்து 2 ஆண்டுகளுக்கு மேல் ஆகியிருக்கும்.

நாம் இதை 'வாரிசு வேலை' என்று சொல்லிப் பழகிவிட்டோம். வீட்டையும் நிலத்தையும் போல இதுவும் பிள்ளைக்காகக் காத்துக் கிடக்கும் என்ற எண்ணம் அந்தச் சொல்லிலிருந்தே வருகிறது என்று நினைக்கிறேன். சம்பாதித்தவர் திடீரென்று போய்விட்டதால் குடும்பம் விழும் நெருக்கடியைக் கடந்து வருவதற்கான உதவிதான் இது. எத்தனை ஆண்டு கழித்தும் கேட்டுப் பெறக்கூடிய உரிமை அல்ல என்று உச்ச நீதிமன்றம் 1994-இல் உமேஷ் குமார் நாக்பால் வழக்கிலேயே சொல்லிவிட்டது. ஹரியானாவில் 1997-இல் ஒரு காவலர் பணியின்போது இறந்தார். அப்போது அவர் மகனுக்கு 7 வயது. வளர்ந்த பிறகு அந்த மகன் வேலை கேட்டுத் தொடர்ந்த வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போய், 2024 நவம்பரில் கோரிக்கை ஏற்கப்படாமலேயே முடிந்தது.

நான் ஓர் அலுவலகத்தில் பணியமைப்புப் பிரிவில் இருந்தபோது, ஓர் அம்மா மஞ்சள் பையோடு வந்தார். இறப்புச் சான்று, வாரிசுச் சான்று, மகனுடைய மதிப்பெண் பட்டியல் எல்லாவற்றையும் லேமினேஷன் செய்து, வரிசை கலையாமல் அடுக்கி வைத்திருந்தார். "பையனுக்குப் போன வாரம் 18 முடிந்தது, ஐயா" என்று அவர் சொன்ன முகம் இன்னும் நினைவில் இருக்கிறது. 3 ஆண்டு முடிந்து 4 மாதம் ஆகியிருந்தது. அவர் பெயரில் ஒரு தாள்கூட அலுவலகத்திற்கு வந்திருக்கவில்லை. எட்டாம் வகுப்புத் தேர்ச்சி பெற்றிருந்த அந்த அம்மாவே அலுவலக உதவியாளர் பணிக்கு விண்ணப்பித்திருக்கலாம் என்பதை அதுவரை அவருக்கு யாரும் சொல்லவில்லை.

உங்களுக்குப் பத்தாம் வகுப்புத் தேர்ச்சி இருப்பதால் இளநிலை உதவியாளர் பணிக்குரிய கல்வித் தகுதியும் உண்டு. எந்தப் பணியிடம் என்பது காலியிடத்தைப் பொறுத்தது. வெளியே போய்ப் பழக்கமில்லை என்ற தயக்கம் இயல்பானதுதான். ஆனால் அதற்காக இந்த 8 மாதத்தை விட்டுவிடாதீர்கள். குடும்ப ஓய்வூதியம் வாங்குகிறீர்கள் என்பதாலேயே விண்ணப்பம் தள்ளுபடி ஆகிவிடாது.

கணவர் கடைசியாகப் பணிபுரிந்த அலுவலகத்தின் தலைவருக்கு விண்ணப்பத்தை எழுதுங்கள். வாரிசுச் சான்று, வட்டாட்சியர் தரும் வறிய நிலைச் சான்று, மற்ற வாரிசுகளின் ஆட்சேபணையின்மைக் கடிதம், உங்கள் கல்விச் சான்று ஆகியவை வேண்டும். உங்கள் மாமியார் உயிரோடு இருந்தால் அவருடைய கையொப்பமும் தேவைப்படலாம் என்பதால், வீட்டில் முதலில் அவரிடம் பேசிவிடுங்கள். வறிய நிலைச் சான்று வரத் தாமதமானால் அதற்காக விண்ணப்பத்தை நிறுத்தி வைக்காமல், 'சான்று பின்னர் அளிக்கப்படும்' என்று எழுதிக் கொடுத்துவிட்டு, சான்று வந்ததும் சேர்த்துவிடுங்கள்.

தபால் பிரிவில் கொடுக்கும்போது உங்களிடம் உள்ள நகலில் தேதியோடு அலுவலக முத்திரை வாங்கிக்கொள்ளுங்கள். சில நாள் கழித்துப் போய் ந.க. எண்ணை, அதாவது உங்கள் விண்ணப்பத்திற்கு அலுவலகம் இடும் கோப்பு எண்ணைக் கேட்டுக் குறித்துக்கொள்ளுங்கள். முழுமையான விண்ணப்பத்தின் மீது 6 மாதத்திற்குள் முடிவெடுக்க வேண்டும் என்று 2022-இல் ஒடிசா வழக்கு ஒன்றில் உச்ச நீதிமன்றம் வலியுறுத்தியிருக்கிறது. நினைவூட்டுக் கடிதம் எழுத நேர்ந்தால் அதைக் குறிப்பிடலாம். "மகன் வளர்ந்ததும் வாருங்கள்" என்று அங்கே யாராவது வாய்மொழியாகச் சொன்னால், அதை எழுத்தில் தரும்படி கேளுங்கள், சகோதரி. விண்ணப்பத்தை மட்டும் திரும்ப வாங்கிக்கொண்டு வந்துவிடாதீர்கள்.